மூச்சை எண்ணும் கை

வார்டில் சிஸ்டருக்குப் பெயர் கிடையாது. எல்லாக் கட்டிலிலிருந்தும் ஒரே அழைப்புதான் வருகிறது. சிஸ்டர்.

கட்டிலில் படுத்திருப்பவருக்கும் பெயர் நழுவிவிடுகிறது. பதினேழாம் பெட். சுகர் கேஸ். நேற்று வந்த ஃபிட்ஸ்.

இரவு டூட்டிக்கு வந்தவர் கேஸ் ஷீட்டைப் பார்க்கிறார். பதினேழாம் கட்டிலுக்கு வருகிறார். தலைமாட்டில் நிற்காமல், முகம் தெரியும்படி பக்கவாட்டில் நிற்கிறார். பெயரைச் சொல்கிறார். கூடவே ‘பாட்டி’ என்கிறார்.

பாட்டி கண்ணைத் திறக்கிறார். வந்து சேர்ந்ததிலிருந்து இந்த இடத்தில் யாரும் அந்தப் பெயரைச் சொல்லவில்லை.

*

‘எப்படி இருக்கீங்க?’

‘இருக்கேன்.’

கேள்வி முடிந்தது. பதிலும் முடிந்தது.

சிஸ்டர் நகரவில்லை. டிரிப்ஸ் பாட்டிலை நிமிர்ந்து பார்க்கிறார். ஒரு சொட்டு விழுகிறது. இன்னொன்று.

‘ராத்திரியெல்லாம் கால் ஒரே கடுப்பும்மா.’

சொல்ல வேண்டியது இரண்டாவதாகத்தான் வருகிறது. அதற்கு முன்னால் நாலைந்து சொட்டு நேரம் ஆகிறது.

*

மிஷின் இல்லாத வார்டில் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே சொட்டை எண்ணுகிறார்கள். சாதாரண செட்டில் 20 சொட்டு சேர்ந்தால் ஒரு மில்லி.

எண்ணும்போது பேச முடியாது. உதடு மட்டும் அசைகிறது. படுத்திருப்பவர் அந்த உதட்டையே பார்க்கிறார். தன்னைப் பற்றி ஏதோ சொல்லிக்கொள்வதாக நினைக்கிறாரோ என்னவோ.

*

நாடி பார்க்கிறார்.

மூன்று விரல் மணிக்கட்டில். பார்வை கடிகாரத்தில். அரை நிமிடம் போகிறது.

பிறகும் கையை எடுக்கவில்லை. விரல்கள் அங்கேயே இருக்கின்றன. பார்வை மட்டும் மெல்ல நகர்ந்து போர்வையில் நிற்கிறது. போர்வை எழுகிறது. தாழ்கிறது.

இப்போது எண்ணுவது மூச்சை.

மூச்சைப் பார்க்கிறேன் என்று சொன்னால் மூச்சு மாறிவிடும். அதனால் நர்சிங் பள்ளியிலேயே சொல்லிக்கொடுத்துவிடுகிறார்கள். நாடி பார்ப்பது போலவே கையைப் பிடித்திரு. மார்பு எழுவதை எண்ணு. சொல்லாதே.

சின்ன ஏமாற்று. பொய் என்று சொல்ல மனம் வரவில்லை.

பெரியவர்களுக்கு நிமிடத்துக்கு 12 முதல் 20 வரை என்கிறது பாடம். யாரும் கவனிக்காதபோது ஓடும் மூச்சின் கணக்கு அது. கண்ணை மூடி உட்கார்ந்து எண்ணப்போனால் கிடைப்பது வேறு மூச்சு. எண்ணத் தொடங்கியதும் அது நீள்கிறது, தயங்குகிறது, சரியாக இருக்கப் பார்க்கிறது. இதை எழுதும்போதே என் மூச்சு கொஞ்சம் மாறியிருக்கிறது.

பாட்டிக்கு இதெல்லாம் தெரியாது. யாரோ கையைப் பிடித்துக்கொண்டு பேசாமல் நிற்கிறார்கள். முழுசாக ஒரு நிமிடம்.

நெற்றிச் சுருக்கம் தளர்கிறது.

*

இப்போது விரலில் கிளிப் மாட்டுகிறார்கள். 1974-இல் ஜப்பானில் தக்குவோ அவோயாகி வெளியிட்ட வழி. சிவப்பு வெளிச்சம் விரலுக்குள் புகுந்து மறுபக்கம் வருகிறது. ரத்தத்தில் ஆக்ஸிஜன் எவ்வளவு என்று எண் காட்டுகிறது. நாடித்துடிப்பும் அதிலேயே.

எத்தனையோ உயிரைக் காப்பாற்றிய கருவி. குறை சொல்ல ஒன்றும் இல்லை.

நாடி பிடிக்கும் விரல்கள் மட்டும் வேண்டாதவை ஆகிவிட்டன.

*

‘இதோ வர்றேன் பாட்டி.’

இதோ என்பதற்கு வார்டில் அளவில்லை. பாட்டி கதவைப் பார்த்தபடி படுத்திருக்கிறார். திரும்பிப் படுக்கவும் பயம். அந்த நேரத்தில் வந்துவிட்டுப் போய்விட்டால்?

இன்னொரு சிஸ்டர் வேறு மாதிரி சொல்கிறார். ‘அஞ்சாம் பெட்டுக்கு ஊசி போட்டுட்டு, அந்தக் குழந்தைக்குப் பால் குடுக்கச் சொல்லிட்டு வர்றேன்.’

பாட்டியின் கண் அஞ்சாம் பெட்டுக்குப் போகிறது. ஊசி முடிகிறது. குழந்தையிடம் போகிறது. பிறகு மூடிக்கொள்கிறது.

வெளியே போவதானால் முன்கூட்டியே சொல்ல வேண்டும், எப்போது திரும்புவோம் என்றும் சொல்ல வேண்டும். ஃப்ளாரன்ஸ் நைட்டிங்கேல் 1859-இல் எழுதிய நர்சிங் குறிப்புகளில் இது இருக்கிறது. கட்டிலில் சாயாதே என்றும் இருக்கிறது. நோயாளியின் முதுகுக்குப் பின்னாலிருந்து பேசாதே, கதவருகில் நின்றுகொண்டு பேசாதே என்றும். நோயாளி இருக்கும் அறையிலேயே கிசுகிசுப்பதைக் கொடுமை என்றே சொல்கிறார். படுத்திருப்பவர் காது அதைப் பிடிக்க இழுபடும்.

கிரிமியப் போர் முடிந்து வந்தவர் எழுதியது. பீரங்கிச் சத்தம் கேட்டவருக்குக் கிசுகிசுப்பு பெரிதாகத் தெரிந்திருக்கிறது.

*

ஆண்கள் வார்டு. எண்பதைத் தாண்டியவர். இடுப்பெலும்பு முறிந்து ஆபரேஷன் ஆகியிருக்கிறது.

‘வலி பத்துக்கு எத்தனை தாத்தா?’

யோசிக்கிறார்.

‘நேத்து ரூவாய்க்குப் பன்னெண்டணா. இன்னிக்கி நாலணா.’

சிஸ்டருக்கு எட்டணா என்று கேள்விப்பட்ட ஞாபகம். பன்னிரண்டு தெரியாது. 1957-இல் மாறிப்போன கணக்கு. தாத்தா விரலை மடக்கி விளக்குகிறார். பதினாறணா சேர்ந்தா ஒரு ரூவா. நாலணான்னா கால்வாசி.

சிஸ்டர் முழுதும் கேட்டுக்கொள்கிறார். சிரிக்கவில்லை. ஷீட்டில் 3 என்று எழுதுகிறார். வலியில் அரை கூட்டியே போட்டிருக்கிறார்.

*

குழந்தைகள் வார்டில் வலியைக் காட்ட ஆறு முகங்கள் வரைந்த அட்டை. சிரிக்கும் முகத்துக்கு 0. கண்ணீர் விடும் முகத்துக்கு 10.

1980-களின் தொடக்கத்தில், அமெரிக்காவின் ஓக்லஹோமாவில், டோனா வாங் என்ற செவிலியரும் கோனி பேக்கரும் உருவாக்கியது. எண் சொல்லத் தெரியாத குழந்தைகள். முகத்தை வரையச் சொல்லிப் பார்த்தார்கள்.

கூடவே ஒரு குறிப்பு உண்டு. 10 அளவுக்கு வலிக்கிறதென்றால் அழுதுகொண்டிருக்க வேண்டும் என்பதில்லை.

பெரியவர்கள் வார்டிலும் இதை எழுதி ஒட்டலாம்.

*

எண்ணுக்கு முன்னால் வருபவை வேறு.

குத்துது. குடையுது. பிசையுது. இழுக்குது. சுருக்குனு வருது. விண்ணு விண்ணுன்னு தெறிக்குது. மதமதன்னு கிடக்கு.

வேலையில் பழுத்த சிஸ்டர் எழுதுவதை நிறுத்திவிட்டுக் கேட்கிறார். நெஞ்சு அடைக்குது என்றால் ஓடுகிறார். நெஞ்சு எரியுது என்றாலும் ஈ.சி.ஜி. எடுக்கச் சொல்கிறார். சுகர் உள்ளவர்களுக்கு மாரடைப்பு வலியாகவே வராமல் போவதுண்டு.

எல்லாவற்றையும்விட அவர் பயப்படுவது இதற்கு:

‘ஒரு மாதிரியா இருக்கும்மா.’

எந்தக் கட்டத்திலும் எழுத முடியாதது. அவர் மறுபடி பி.பி. பார்க்கிறார். மறுபடி நாடியைப் பிடிக்கிறார், கையாலேயே.

*

மத்தியானத்துக்குப் பிறகு ஓர் அம்மா தண்ணீர் குடிப்பதை நிறுத்திவிடுகிறார்.

தாகம் இல்லையாம்.

உதடு காய்ந்திருக்கிறது. டம்ளர் நிறைய இருக்கிறது. காலில் கட்டு. எழுந்து போக முடியாது. யாராவது பெட்பேன் வைக்க வேண்டும். அதற்கு யாரையாவது கூப்பிட வேண்டும். எதிர்க்கட்டில்காரியின் மகன் காலையிலிருந்து இங்கேயே உட்கார்ந்திருக்கிறான்.

வாசலிலிருந்தே கேட்டுவிடலாம். ‘யாருக்காவது ஒண்ணுக்கு வருதா?’ அப்படிக் கேட்டால் யாருக்கும் வராது.

சிஸ்டர் போர்வையைச் சரிசெய்வது போலக் குனிகிறார். காதருகில் ஏதோ கேட்கிறார். அம்மா பதில் சொல்லவில்லை. கண்ணை ஒரு முறை மூடித் திறக்கிறார்.

ஸ்கிரீன் வருகிறது. அதன் சக்கரம் ஒன்று கிறீச்சிடுகிறது. அந்தப் பையனை எதையோ வாங்கிவரச் சொல்லி வெளியே அனுப்பியாயிற்று.

பிறகு அம்மா டம்ளரை எடுக்கிறார்.

*

டூட்டி மாறும் நேரம். போகிற சிஸ்டரும் வருகிற சிஸ்டரும் கட்டில் கட்டிலாக நடக்கிறார்கள்.

வைட்டல்ஸ் ஸ்டேபிள். நைட் தூங்கல. மோஷன் போகல.

படுத்திருப்பவர் ஒரு முகத்திலிருந்து இன்னொரு முகத்துக்குப் பார்வையை மாற்றுகிறார். தன் உடம்பின் கணக்கு தன் தலைக்கு மேலே கைமாறுகிறது. ‘மோஷன்’ மட்டும் புரிகிறது. பக்கத்துக் கட்டிலுக்கும் புரிந்துவிட்டது.

*

சத்தம் போடும் சிஸ்டரும் இருக்கிறார்.

‘எத்தனை தடவ சொல்றது? சும்மா சும்மா கூப்பிடாதீங்க.’

குரல் கூரையில் பட்டுத் திரும்புகிறது. எல்லாரும் கூரையையோ தரையையோ பார்க்கிறார்கள். அவர் காலையிலிருந்து சாப்பிட்டாரா என்று யாருக்கும் தெரியாது. கோபம் வருகிறது. போகிறது. இரண்டு நிமிடத்தில் அதே கட்டிலுக்கு வந்து தலையணையைச் சரிசெய்கிறார்.

அவருக்குப் போய்விட்டது. திட்டு வாங்கியவருக்குப் போகவில்லை.

நள்ளிரவில் டிரிப்ஸ் தீர்கிறது. குழாயில் ரத்தம் மேலே ஏறுகிறது. அவர் விழித்துத்தான் இருக்கிறார். சிவப்பு ஏறுவதைப் பார்த்துக்கொண்டே இருக்கிறார்.

கூப்பிடவில்லை.

*

1974 என்றதும் இன்னொன்று. அதே வருடம், கிளாஸ்கோ நகரில், கிரஹாம் டீஸ்டேலும் பிரையன் ஜென்னட்டும் நினைவின் அளவுக்கு ஓர் அட்டவணை போடுகிறார்கள். இன்று பயன்படும் வடிவில் கண்ணுக்கு 4. பேச்சுக்கு 5. அசைவுக்கு 6. மொத்தம் 15.

தானாகக் கண் திறந்தால் 4. குரலுக்குத் திறந்தால் 3. வலிக்குத் திறந்தால் 2. திறக்கவே இல்லையென்றால் 1.

சுழி கிடையாது. ஒன்றுமே இல்லாதவருக்கும் மொத்தம் 3 உண்டு.

*

தலையில் அடிபட்டு வந்த பாட்டி. ஒரு மணிக்கொரு தடவை எழுப்பிக் கேட்க வேண்டும்.

‘இது எந்த இடம் பாட்டி?’

‘பெரியாஸ்பத்திரி.’

‘இப்ப என்ன மாசம்?’

‘ஆடி.’

பயிற்சிக்கு வந்த பெண் பேனாவோடு நிற்கிறாள். ஜூலை என்று வரவில்லையே என்று சிஸ்டரைப் பார்க்கிறாள்.

‘கரெக்ட் பாட்டி. தூங்குங்க.’

பேச்சுக்கு 5.

*

டாக்டர்கள் கூட்டமாக வருகிறார்கள். கூட்டமாகப் போகிறார்கள். வீட்டார் வாசல்வரை பின்னால் போய் நின்றுவிடுகிறார்கள். திரும்பி சிஸ்டரிடம் வருகிறார்கள்.

‘டாக்டர் என்னம்மா சொல்லிட்டுப் போறாரு?’

அவர்கள் அங்கேயேதான் நின்றிருந்தார்கள்.

*

‘ஒண்ணும் இல்ல. சரியாப் போயிடும்.’

பழத்தோடு வருகிறவர்கள் எல்லாரும் இதைச் சொல்கிறார்கள். சொன்னதும் அவர்களுக்கு லேசாகிறது. படுத்திருப்பவர் அவர்களுக்காகத் தலையாட்டுகிறார்.

நைட்டிங்கேல் இதற்கென்று தன் புத்தகத்தில் ஓர் அத்தியாயமே ஒதுக்கியிருக்கிறார். கொஞ்சம் கடுமையாகவே எழுதியிருக்கிறார்.

*

மூன்று மணி.

வராந்தாவில் மகன் பாய் விரித்துத் தூங்குகிறார். சாயங்காலம் சிஸ்டரைத் தனியாகக் கூப்பிட்டுச் சொல்லியிருக்கிறார். அப்பாகிட்ட அல்சர்னுதான் சொல்லியிருக்கோம் சிஸ்டர். நீங்க எதுவும் வாய் விட்டுறாதீங்க.

உள்ளே அப்பா விழித்திருக்கிறார்.

‘ஏம்மா. எனக்கு அந்த வியாதிதானே?’

சிஸ்டர் கையில் மாத்திரைத் தட்டு இருக்கிறது. அதை லாக்கர்மேல் வைக்கிறார். ஸ்டூலை இழுக்காமல் தூக்கி வைக்கிறார். உட்காருகிறார்.

இல்லை என்று சொல்லலாம். ஆமாம் என்று சொல்ல அவருக்கு இடமில்லை. அது டாக்டர் சொல்ல வேண்டியது, மகன் வேண்டாம் என்றது. ‘பேசாம தூங்குங்க’ என்றும் சொல்லலாம். பெரும்பாலும் அதுதான் நடக்கிறது. தப்பு என்றும் சொல்ல முடியாது, இன்னும் பத்துப் பேருக்கு மாத்திரை கொடுக்க வேண்டியிருக்கிறது.

‘எதனால அப்படித் தோணுதுப்பா?’

அவர் சொல்கிறார். சட்டை தொளதொளவென்று ஆனது. சோறு இறங்காதது. கீழே ஏதோ ஓர் அறைக்குத் தள்ளிக்கொண்டு போனபோது போர்டில் எழுதியிருந்தது. அவருக்குப் படிக்கத் தெரியும் என்பதை எல்லாரும் மறந்திருக்கிறார்கள். அல்சருக்கு யாரும் கரண்டு வைக்கிறதில்லை என்று பக்கத்துக் கட்டில்காரர் சொன்னது. மகள் வந்தால் முகத்தைப் பார்க்காமல் காலையே பிடித்துக்கொண்டிருப்பது.

எல்லாம் தெரிந்திருக்கிறது. கேட்கத்தான் ஆள் இல்லை.

சிஸ்டர் குறுக்கே பேசவில்லை. மின்விசிறி சுற்றுகிறது. எங்கேயோ ஒருவர் இருமுகிறார். அப்பா கையை நெஞ்சின்மேல் வைத்திருக்கிறார். அது எழுகிறது, தாழ்கிறது.

வெகுநேரம் கழித்து,

‘எனக்குத் தெரியும்னு பையன்கிட்டச் சொல்லிறாதம்மா. தாங்க மாட்டான்.’

வராந்தாவில் ஒருவர். உள்ளே ஒருவர். இருவரும் ஒருவரிடமிருந்து ஒருவர் மறைப்பது ஒன்றையே. அதை ஒரே ஆளிடம் கொடுத்துவைத்திருக்கிறார்கள்.

சிஸ்டர் வாக்குக் கொடுக்கவில்லை.

‘காலைல டாக்டர் வர்றப்ப உங்க பையனையும் பக்கத்துல வச்சுக்கிட்டு நீங்களே கேளுங்கப்பா. டூட்டி முடிஞ்சாலும் நான் அதுவரைக்கும் இருக்கேன்.’

அவர் தலையை அசைக்கிறார். சரி என்கிறாரா, பார்க்கலாம் என்கிறாரா தெரியவில்லை.

தட்டை எடுத்துக்கொண்டு சிஸ்டர் அடுத்த கட்டிலுக்குப் போகிறார். உட்கார்ந்திருந்தது பத்து நிமிடத்துக்கும் குறைவு.

*

சிசிலி சாண்டர்ஸ் முதலில் செவிலியர். முதுகுக் கோளாறால் அந்த வேலையை விடுகிறார். மருத்துவமனையிலேயே சமூகப் பணிக்கு வருகிறார். பிறகு படித்து டாக்டர் ஆகிறார். 1967-இல் லண்டனில் அவர் தொடங்கிய செயின்ட் கிறிஸ்டோபர்ஸ் ஹாஸ்பிஸ் திறக்கிறது, கடைசி நாட்களில் இருப்பவர்களுக்கான இடம்.

வலி எப்படி இருக்கிறது என்று கேட்கிறார். பதிலைக் கடைசிவரை கேட்கிறார். முதுகில் தொடங்கும் பதில் வீட்டுக்குப் போகிறது. பணத்துக்குப் போகிறது. பயத்துக்குப் போகிறது. இவை எல்லாம் சேர்ந்ததுதான் வலி என்கிறார். முழு வலி.

முதுகுக்கு மார்ஃபின் போதும்.

*

வென்டிலேட்டரில் இருப்பவருக்குக் குரல் இல்லை. குழாய் குரல்நாண்களுக்கு நடுவே போகிறது. வாய் அசைகிறது. சத்தம் வரவில்லை. சத்தம் வரவில்லை என்று அவருக்கே முதலில் புரியவில்லை.

எழுத்துப் பலகை காட்டலாம். ஆங்கிலத்துக்கு 26 கட்டம் போதும். தமிழுக்கு 247. யாரும் அத்தனை கட்டம் போடுவதில்லை. மெய்யை ஒரு முறை காட்டி, உயிரை ஒரு முறை காட்டி, ஒவ்வொன்றுக்கும் கண் சிமிட்டலுக்குக் காத்திருக்க வேண்டும். தண்ணி என்று முடிப்பதற்குள் அவருக்குக் களைத்துவிடுகிறது.

படங்கள் வைத்திருக்கிறார்கள். டம்ளர். பெட்பேன். குடும்பம். வலிக்கிற இடத்தைத் தொட்டுக்காட்ட ஓர் உடம்பு.

‘ஆமான்னா கைய ஒரு தடவ அழுத்துங்க. இல்லன்னா ரெண்டு தடவ.’

தண்ணியா? இரண்டு.

வலிக்குதா? இரண்டு.

வீட்டுல யாரையாவது பார்க்கணுமா? இரண்டு.

சிஸ்டர் பலகையைக் கீழே வைக்கிறார்.

‘பயமா இருக்கா?’

ஒன்று.

*

2020. கவச உடைக்குள் யாருக்கும் முகம் இல்லை. கண்ணாடியில் மூச்சு படிகிறது. மார்பில் மார்க்கர் பேனாவால் பெயர் எழுதியிருக்கிறது.

வார்டில் சிஸ்டருக்குப் பெயர் வந்திருக்கிறது.

வீட்டார் உள்ளே வர முடியாது. கையுறை போட்ட கை ஒரு செல்போனைப் பிடித்துக்கொண்டிருக்கிறது. அதிலிருந்து யாரோ அப்பா அப்பா என்கிறார்கள். கை நடுங்காமல் இருக்க இன்னொரு கையால் தாங்கிக்கொள்கிறார்.

*

சாரம் சரிந்து விழுந்த பையன். பீகார் என்று நினைக்கிறார்கள், ஒடிசாவாகவும் இருக்கலாம். சிஸ்டருக்குத் தெரிந்த இந்தி இரண்டு சொல். தர்த் ஹை?

அவன் நிறையப் பேசுகிறான். இரண்டு சொல்லுக்கு இவ்வளவு பதில். அவர் ஒன்றும் புரியாமல் நடுவில் விடாமல் கேட்டுக்கொண்டிருக்கிறார்.

*

‘வலிக்காது. எறும்பு கடிச்ச மாதிரிதான் இருக்கும்.’

குழந்தை நம்புகிறது. வலிக்கிறது. அடுத்த தடவை யார் சொன்னாலும் நம்புவதில்லை.

‘வலிக்கும். மூணு எண்றதுக்குள்ள போயிடும். நீ எண்றியா, நான் எண்ணட்டுமா?’

குழந்தை தானே எண்ணுகிறது. மூன்றில் நிறுத்தாமல் பன்னிரண்டு வரை போகிறது.

*

டிஸ்சார்ஜ். மாத்திரைக் கவர்கள். சீட்டு. இன்சுலின்.

‘புரிஞ்சுதா?’

‘புரிஞ்சுதும்மா.’

எல்லாரும் இதைத்தான் சொல்கிறார்கள். புரியவில்லை என்றால் சிஸ்டர் மனசு கஷ்டப்படுமோ என்று சிலர். பஸ் போய்விடுமோ என்று சிலர்.

‘வீட்டுக்குப் போனதும் மருமக கேப்பாங்கல்ல. அவங்களுக்கு என்ன சொல்லுவீங்க? எனக்குச் சொல்லிக் காட்டுங்க.’

அம்மா கவரைத் திருப்பிப் பார்க்கிறார். காலைல ஒண்ணு. மதியம் சுழி. ராத்திரி ஒண்ணு. சரி.

‘ஊசி?’

‘காலைல எந்திரிச்சதும் போட்டுக்குவேன். குளிச்சிட்டு, கோயிலுக்குப் போயிட்டு வந்து சாப்பிடுவேன்.’

சிஸ்டர் அப்படியே நிற்கிறார். இந்த ஊசியைப் போட்டு அரை மணிக்குள் சாப்பிடாவிட்டால் சுகர் இறங்கிவிடும். கோயில் படியிலேயே மயங்கி விழலாம். புரிஞ்சுதும்மா என்பதோடு விட்டிருந்தால் அந்த அம்மா பஸ் ஏறியிருப்பார்.

‘குளிங்க. கோயிலுக்குப் போங்க. வந்து ஊசி போட்டுக்கிட்டு உடனே சாப்பிடுங்க.’

‘அப்ப சாமிக்கு அப்புறம்தான் ஊசியா?’

‘ஆமாம்மா.’

அம்மாவுக்கு அது பிடித்திருக்கிறது. திரும்ப ஒரு முறை சரியாகச் சொல்கிறார்.

*

எழுதியதைப் புரட்டிப் பார்க்கும்போது பேச்சு குறைவாகவே இருக்கிறது. நின்றது, குனிந்தது, உட்கார்ந்தது, காத்திருந்தது.

எல்லாவற்றுக்கும் நேரம் வேண்டும். ஒரு நிமிடம், சில இடத்தில் பத்து.

இந்திய நர்சிங் கவுன்சில் வகுத்த அளவு இது. மருத்துவக் கல்லூரி மருத்துவமனைகளின் பொது வார்டில் மூன்று நோயாளிகளுக்கு ஒரு செவிலியர். மற்ற மருத்துவமனைகளில் ஐந்து பேருக்கு ஒருவர்.

இங்கே நாற்பது கட்டில். தரையில் பாய் போட்டு இன்னும் ஐந்து பேர். இரவு டூட்டிக்கு ஒரு சிஸ்டர்.